பைலில் அடிக்கோடு போட்ட வார்த்தை

என் இளையவளுக்கு நாலு வயது. காது கேட்காது. திண்டுக்கல்லில் காது டாக்டரிடம் காட்டினோம்.

"சொந்தத்துல கல்யாணமா?" என்று டாக்டரம்மா கேட்டார்.

"கூடப் பொறந்த அக்கா மகதாங்க," என்றேன். எங்கள் பக்கம் அதைத் தலை நிமிர்ந்துதான் சொல்வோம்.

அவர் பைலில் இங்கிலீஷில் ஒரு நீள வார்த்தை எழுதி, அடியில் கோடு போட்டார். அதுதான் நோயின் பேர் என்று நினைத்துக்கொண்டேன். நான் எட்டாவதோடு சரி. பஸ்ஸில் எழுத்துக் கூட்டிப் பார்த்தேன். பாதிக்கு மேல் வாயில் வரவில்லை.

மறுநாள் காலை வெங்காயத்துக்குத் தண்ணீர் பாய்ந்துகொண்டிருந்தது. வரப்பில் உட்கார்ந்து மூத்தவளிடம் பைலைக் கொடுத்தேன். அவள் காலேஜில் படிக்கிறாள். போனில் அந்த வார்த்தையைத் தட்டினாள். ஒரு பொம்பளைக் குரல் சொன்னது: கான்ஸாங்க்வினியஸ். மூத்தவள் கூடவே சொல்லிப் பார்த்தாள். வரவில்லை. மறுபடி வைத்தாள். மூன்று தடவை. இளையவள் பக்கத்தில்தான் மண்ணைக் கிளறிக்கொண்டிருந்தாள். திரும்பவில்லை.

"அதுக்கு மருந்து இருக்கா பாரு," என்றேன்.

அவள் கீழே படித்தாள். "இது நோயில்லப்பா. ஒரே ரத்தம்னு அர்த்தம். சொந்த ரத்தத்துக்குள்ள கட்டிக்கிட்டவங்களச் சொல்றது."

"யார?"

"ஒங்களையும் அம்மாவையும்."

பைலை மூடி என்னிடம் நீட்டினாள். மூத்தவளை அதே அக்காவின் மகனுக்கு, அவளுடைய தாய்மாமனுக்கு, பேசி முடித்திருந்தோம். ஞாயிற்றுக்கிழமை பூ வைக்க வருவதாக இருந்தது.

நான் எழவில்லை. மடை உடைந்து தண்ணீர் பக்கத்துக் காட்டுக்குப் போயிருக்கிறது. வெகுநேரம் கழித்துத்தான் பார்த்தேன்.

மத்தியானமே டாக்டரம்மாவிடம் போனேன். "அதனாலதான்னு அடிச்சுச் சொல்ல முடியாது. ஆனா சொந்தத்துல கட்டுனா வாய்ப்பு ஜாஸ்தி. அடுத்த தலைமுறையிலயும் அதையே செய்யாதீங்க," என்றார்.

வீட்டுக்கு வந்து அக்காவுக்குப் போன் போட்டுச் சொன்னேன்.

"ஏலே, எவளோ எழுதுன இங்கிலீசுக்கா எம் மகன வேணாங்குற? மூத்தவளுக்குக் காது நல்லாத்தான கேக்குது?"

"கேக்குது."

"பெறகு?"

"பூ வைக்க வர வேணாம்க்கா."

"எம் மகள ஒனக்குக் குடுத்தப்ப மட்டும் இனிச்சுச்சோ?"

போனை வைத்தேன்.

என் மனைவி அடுப்படியில் வெஞ்சனத்துக்குக் கத்தரிக்காய் அரிந்துகொண்டிருந்தாள். எல்லாம் கேட்டிருக்கிறாள்.

"அப்ப நாம கட்டுனது தப்பா மாமா?"

பேச்சு வந்த நாளிலிருந்தே என்னை அவள் அப்படித்தான் கூப்பிடுகிறாள். அன்றைக்குத்தான் அந்த வார்த்தை என் காதில் விழுந்தது.

"தெரியல," என்றேன்.

அக்கா இன்று வரை பேசவில்லை. மனைவியும் அவள் அம்மாவைப் பார்க்கப் போகவில்லை. பூ வைக்க இருந்த அந்த ஞாயிற்றுக்கிழமை மூத்தவள் எட்டரை மணி வரை தூங்கினாள். யாரும் எழுப்பவில்லை.