வேடியப்பா, வூட்டுக்கு வாடா

பூவிழி அக்கா புருஷன் பேரைச் சொல்லமாட்டாள். எங்கள் மலையில் கட்டிக்கொண்டவள் எவளும் சொல்லமாட்டாள். அக்காவுக்குத் தொல்லை கூடுதல். புருஷன் பேரும் வேடியப்பன், ஊர்ச் சாமி பேரும் வேடியப்பன். அதனால் சாமியையே "மலைக்காரரே" என்றுதான் கும்பிடுவாள். ரேஷன் கடையில் குடும்பத் தலைவர் பேர் கேட்டால் கோயில் பக்கம் கையைக் காட்டுவாள். "சாமிக்கெல்லாம் அரிசி கெடையாதும்மா" என்பார் கடைக்காரர்.

அக்கா புருஷன் கூலி வேலைக்கு ஆந்திரா பக்கம் போனவர். தைக்குப் பிறகு போன் இல்லை. கூடப் போனவர்கள் பாதி வழியில் பிரிந்துவிட்டோம் என்கிறார்கள்.

ஆலங்காயத்தில் செல்போன் கடை வைத்திருக்கும் சரவணகுமார் அண்ணன் கிடார், நான் டிரம்ஸ். எங்கள் பேண்டுக்கு ஒரு குரல் தேவைப்பட்டது. அக்காவைக் கேட்டோம். மைக் முன்னால் கண்ணை மூடி, "வேடியப்பா, வூட்டுக்கு வாடா" என்று பாடினாள்.

அண்ணன் கிடாரை நிறுத்திவிட்டான். "இன்னாக்கா, பேரைச் சொல்லிட்ட!"

"மாமான்னு பாடினா அவரு திரும்புவாரா? ஊருக்கு ஆயிரம் மாமா."

யூடியூபில் போட்டோம். முதல் வாரம் சொந்தக்காரர்கள் மட்டும் கட்டைவிரல் காட்டினார்கள். ஆடி பிறந்ததும் படவேடு அம்மன் கோயில் பக்கம் எவனோ சூலம், விளக்குப் படம் சேர்த்துச் சாமி பாட்டாக வெட்டி ஒட்டிப் போட்டான். அவ்வளவுதான். பஸ், ஆட்டோ, மைக் செட், எங்கும் அக்கா. 'சாமியையே வாடான்னு கூப்பிடுற உரிமை, புல்லரிக்குது' என்று எழுதினார்கள். ஒரு அம்மாவுக்கு அருளே வந்துவிட்டதாம்.

முதலில் விளக்குமாற்றைத் தூக்கிய மாமியார் ரத்தினம்மாள் குளிர்ந்துபோனாள். "சாமியத்தானே பாடின? புருசனப் போயி வாடான்னுவியா?"

அக்கா விளக்குமாற்றை வாங்கி வாசலைப் பெருக்கப் போனாள்.

ஊர்த் திருவிழாவில் பாடக் கூப்பிட்டார்கள். அண்ணன் கெஞ்சினான். "சாமி பாட்டாவே இருக்கட்டும்கா. வரிசையா கச்சேரி வருது."

"அவரு காதுல வுழுந்தாலும், யாரோ சாமியக் கூப்டறாங்கன்னு போய்ட்டா?"

அண்ணன் கிடார் கம்பியை முறுக்க ஆரம்பித்தான்.

பூஜை முடிந்ததும் ஊர்ப் பெரியவர் கோபால்சாமி மைக்கை நீட்டினார். "நம்ம சாமி பாட்டு, பாடும்மா."

"சாமி இங்கதான இருக்குது. அத எதுக்கு வான்னு கூப்டணும்?" என்றாள் அக்கா. "நான் கூப்டறது என் வூட்டுக்காரர. பேரு வேடியப்பன். எடது புருவத்துல தழும்பு. பாத்தவங்க சொல்லுங்க."

பாட ஆரம்பித்தாள். பெண்கள் வாயைப் பொத்தினார்கள். பாதிக் கூட்டம் எழுந்தது. ரத்தினம்மாள் முந்தானையால் முகத்தை மூடிக்கொண்டாள். மருமகளை நினைத்தா, மகனை நினைத்தா, எனக்குத் தெரியாது.

அதையும் எவனோ படம் பிடித்துப் போட்டான். கச்சேரிகள் போயின. 'புருஷனை வாடான்றா, இவளெல்லாம் பொம்பளையா' என்று ஆரம்பித்து வீடியோவுக்குக் கீழே கொட்டுகிறார்கள்.

அக்காவுக்குப் படிக்க வராது. தினம் என்னைத்தான் படிக்கச் சொல்கிறாள். நானும் எழுத்துக்கூட்டிப் படிக்கிறவன், அதனால் ஒவ்வொரு திட்டும் நிதானமாக விழுகிறது.

"வுட்டுடலாம்கா. எல்லாம் அசிங்கமா இருக்குது."

"படி. அவரு கோவமா இருந்தா திட்டித்தான எழுதுவாரு."

அடுத்ததைப் படித்தேன்.