அறுபத்தொரு சில்லும் ஒரு ஜன்னலும்

அந்தத் தெருவில் எல்லா ஜன்னல் கண்ணாடியிலும் சுண்ணாம்பால் ஒரு பெரிய வட்டம் போட்டிருந்தது. போர் முடிந்து மூன்று வருஷம் ஆன ஊர். கணக்கெடுக்க வந்தவர்கள் போட்ட அடையாளமாக்கும் என்று நினைத்து, என் பெட்டியைத் தூக்கிவந்த வீட்டுக்காரரிடம் கேட்டேன். ஆஸ்பத்திரி வேலைக்காக அங்கே போன என் மகள் அவர் வீட்டு மாடியில்தான் குடியிருந்தாள்.

"நான் போட்டதுதாம்மா. இந்தத் தெருவுக்கு இந்த மாசம்தான் கண்ணாடி மாட்டினேன். கொஞ்ச நாளைக்கு வட்டம் இருக்கணும். இல்லேன்னா ஜனங்க தண்ணிய ஊத்திடறாங்க."

சண்டைக் காலத்தில் அங்கே ஒரு ஜன்னலிலும் கண்ணாடி தங்கவில்லையாம். உடைந்தது, மாட்டினார்கள், மறுபடி உடைந்தது. கடைசியில் பிளாஸ்டிக் தாளைத் தொங்கவிட்டார்கள். ஓரத்தைத் தூக்கிப் பாத்திரம் கழுவிய தண்ணீரை வீசுவது, தலையை நீட்டி எதிர்வீட்டோடு வம்பளப்பது எல்லாம் பழகிப்போயிற்று. கண்ணாடி வந்துவிட்டது என்று கைக்குத் தெரியுமா? மூலை வீட்டு அம்மாள் வீசிய ஒரு வாளித் தண்ணீர் அப்படியே திரும்பி வந்து அவரையே குளிப்பாட்டிவிட்டது. எதிர்வீட்டுக்காரர் ரொட்டி வண்டியைக் கூப்பிடத் தலையை நீட்டியதில் நெற்றியில் எலுமிச்சம்பழம் முளைத்தது. ஊர் திரும்பிச் சொல்லும்போது நான் அதைப் பூசணிக்காய் ஆக்கிவிட்டேன். இனி சொல்வதில் ஒரு குந்துமணியும் கூட்டவில்லை.

சிரித்துக்கொண்டே கீழ்வீட்டுக்குள் எட்டிப் பார்த்தேன். நட்டநடுப் பகலில் உள்ளே இருட்டு. ஊருக்கெல்லாம் கண்ணாடி மாட்டியவர் வீட்டு ஜன்னலில் அழுக்குப் பிளாஸ்டிக் தாள்!

"என்ன தம்பி இது?"

"அது வீட்டம்மா இலாகா," என்றார், குரலைத் தாழ்த்தி.

வீட்டம்மா தையல்காரி. இரண்டு அறைகளுக்கு நடுவே ஜன்னலே இல்லாத ஒரு நடை. குண்டு விழுந்த நாட்களில் அந்த வீட்டிலேயே பத்திரமான இடம் அதுதான். போர் போன பிறகும் அவள் அதைவிட்டு வெளியே வரவில்லை. தையல் மிஷின், துணி மூட்டை, படுக்கை எல்லாம் அங்கேதான். வீட்டில் கண்ணாடி என்று ஒரு பொருள் கிடையாது. தண்ணீர் குடிக்க எவர்சில்வர் டம்ளர். புருஷன் தன் மூக்குக்கண்ணாடியை வாசல் மாடத்தில் கழற்றி வைத்துவிட்டுத் தடவிக்கொண்டு உள்ளே வருவார். மாடிக்குக் கண்ணாடி போட்ட நாளிலிருந்து அவள் மாடிப்படி ஏறியதே இல்லை.

"முகம் பார்க்கக்கூட ஒண்ணு இல்லையே, தலை எப்படி வாருவே?"

"நாப்பது வருஷமா இதே தலையத்தானேம்மா வாரறேன். வழி தெரியாதா?"

மூன்றாம் நாள், நான் துணியின் ஓரத்தைப் பிடித்துக்கொண்டு உட்கார்ந்திருந்தபோது அவளாகவே சொன்னாள். ஒரு காலை, அவர் ஜன்னலுக்கு முதுகைக் காட்டி நின்று டீ குடித்துக்கொண்டிருந்தார். தெருக்கோடியில் குண்டு விழுந்தது.

"ஜன்னல் அப்படியே உள்ள வந்துச்சும்மா. வெளிய போக வழியில்ல. இதே தரையில குப்புறப் படுக்கவெச்சு, புருவமுடி பிடுங்கற இடுக்கியால எடுத்தேன். மூணு நாளு. அறுபத்தொரு சில்லு. ஒவ்வொண்ணா சோத்துத் தட்டுல போடுவேன். டிங்குனு சத்தம் கேட்டாத்தான் அடுத்ததுக்குப் போவேன்."

மிஷினை மிதிக்கிற கால் நிற்கவே இல்லை.

அவர் முன்பு பஸ் ஓட்டியவர். எத்தனையோ வேலை இருக்க இது ஏன் என்று கேட்டேன்.

"முதுகுல மூணு நாள் வெச்சிருந்தேன்ல, பழகிடுச்சு," என்று சிரித்தார். பிறகு, "சண்டை ஓஞ்சதும் ஊருக்கு முதல்ல வேண்டியிருந்தது அதுதாம்மா. யாராவது செய்யணுமில்ல," என்றார்.

"உன் வீட்டுக்கு?"

"அவ எடுத்தது. அதத் திரும்ப வைன்னு நான் எந்த வாயால சொல்ல?"

அந்த வாரம்தான் வினை வந்தது. போரில் மூடிய பள்ளிக்கூடம் அடுத்த திங்கட்கிழமை திறக்கிறது. நூற்றிருபது பிள்ளைகளுக்கும் கருநீலச் சட்டை தைக்கும் வேலை அவளுடையது. முதலில் கொடுத்த நாற்பதில் ஒரு கட்டைத் தலைமை ஆசிரியை கையோடு திருப்பிக் கொண்டுவந்து வாசல் வெயிலில் விரித்தார். பன்னிரண்டு சட்டைகளில் உடம்பு கருநீலம், கை கறுப்பு.

"ஏக்கா, சவாரிக்குதிரைக்குக் கழுதைக்கால் வெச்ச மாதிரி இருக்கே! பிள்ளைங்க முதல் நாளே இதப் போட்டுக்கிட்டு நிக்கணுமா? இன்னொரு தடவை இப்படி வந்தா நான் வேற இடம் பாக்கணும். கோவிச்சுக்காதீங்க."

அவள் ஒரு சட்டையை எடுத்துக்கொண்டு தெருவுக்குப் போய்ப் பார்த்தாள். நடைக்குள் வந்து பார்த்தாள். நாலு தடவை போய்வந்தாள். உள்ளே இரண்டும் ஒரே நிறம். விளக்கைப் போட்டாலும் அப்படித்தான். இந்த வேலை போனால் அந்தக் கையை நம்பி இனி யாரும் துணி தரமாட்டார்கள்.

சாயங்காலம் அவர் வந்து செருப்பைக்கூடக் கழற்றவில்லை.

"ஏங்க, கொட்டகையில போர்வை சுத்தி ஒண்ணு வெச்சிருக்கீங்களே, அது நம்ம ஜன்னல் அளவா?"

மனிதர் திருடன் மாதிரி விழித்தார். "உனக்கு யார் சொன்னா?"

"வீட்டுல ஒரு போர்வை குறைஞ்சா எனக்குத் தெரியாதா? மூணு வருஷமாத் தெரியும். காலையில மாட்டுங்க. நான் அந்தப் பக்கம் பாக்கமாட்டேன்."

மறுநாள் அவர் பிளாஸ்டிக் தாளைக் கிழித்து இறக்கினார். கண்ணாடியைச் சட்டத்தில் நிறுத்தினார். ஆயிரக்கணக்கில் மாட்டிய கை, அன்றைக்கு ஆணியைப் பிடிக்கமுடியாமல் நடுங்கியது. சட்டை மேலேறி, முதுகில் வெள்ளை வெள்ளையாகத் தழும்புகள் தெரிந்தன. மாடிப்படியில் நின்ற நான் இறங்கிப்போய்ப் பிடிக்கலாமா என்று யோசிப்பதற்குள், நடையிலிருந்து அவள் வந்துவிட்டாள்.

"நடுங்குறீங்க. விடுங்க, நான் பிடிக்கிறேன்."

வெறுங்கையால், விரல் பத்தையும் விரித்து, கண்ணாடியை அழுத்திப் பிடித்துக்கொண்டாள். முகம் சுண்ணாம்பாய் வெளுத்திருந்தது. ஒவ்வோர் ஆணிக்கும் சுத்தியல் சத்தம் கேட்டபோது கண்ணை மூடினாள், கையை எடுக்கவில்லை. நான் எத்தனையோ கோட்டை கொத்தளம் பார்த்தவள். அந்தப் பத்து விரலைப் போல எதுவும் என்னை அசத்தியதில்லை.

கடைசி ஆணி இறங்கியதும் இருவரும் விலகினார்கள், வெயில் அறைக்குள் வந்து விழுந்தது. அவள் குனிந்து பார்த்தாள்.

"ஏங்க, நம்ம வீட்டுத் தரை பச்சையா?"

"பச்சைதான். நீதானே பிடிவாதம் பிடிச்சு இந்தக் கல்லை வாங்கின?"

நடையிலிருந்து ஜன்னல்வரை தரையில் பதித்த பச்சைக்கல் ஒன்பது. மிஷினை ஒரே மூச்சில் தள்ளிவிடலாம் என்றார் அவர். அவள் ஒத்துக்கொள்ளவில்லை. ஒரு நாளைக்கு ஒரு கல்தான். அதுவும் ஜன்னலைப் பார்த்தபடி உட்காருவாள், முதுகைக் காட்டமாட்டாள். வியாழன் ஒன்று, வெள்ளி ஒன்று. துணியை மட்டும் வெயில்வரை எட்டிப் பிடித்து நிறம் பார்த்துக்கொள்வாள். ஞாயிறு சாயங்காலம் நாலாவது கல்லில் மிஷின் நின்றபோது, நூற்றிருபதும் முடிந்திருந்தது.

திங்கள் விடியற்காலையில் தலைமை ஆசிரியை வந்து ஒவ்வொரு கையாகத் திருப்பித் திருப்பிப் பார்த்தார். குற்றம் சொல்ல ஒன்றும் கிடைக்கவில்லை.

"எல்லாம் சரியா இருக்குக்கா."

"பாத்துத் தைச்சது, டீச்சர்," என்றாள்.

அன்று காலை மிஷின் ஒரே தள்ளாக இரண்டு கல் நகர்ந்தது.