நின்னான் பாறையில் பதினான்கு வருஷம்

பிறந்த தேதிப்படி அம்மாக்கண்ணுவுக்கு நாற்பத்திரண்டு வயது. உடம்புக்கு இருபத்தெட்டு. இப்போது அவள் இருப்பது மலையடிவாரத்து ஒடுகத்தூரில். அங்கே ரேஷன் கடைக்காரர் அட்டையை ஒரு முறை பார்ப்பார், ஆளை ஒரு முறை பார்ப்பார். "அக்கா கார்டா?" என்பார். "என்னுதுதான், வேலையைப் பாருங்க" என்பாள் இவள். எப்போதுமே அவளுக்கு மூக்கு நுனியில் கோபம். ஆனாலும் பதினான்கு வருஷம் எங்கே போயிற்று என்று அந்த வரிசையில் நின்றுகொண்டு யாருக்குத்தான் விளக்க முடியும்?

ஜவ்வாது மலையில் நாவக்கொட்டாய் அவள் ஊர். சாமை விதைக்கிற குடும்பம். புருஷன் காசி புளி உலுக்க ஏறிய மரத்திலிருந்து விழுந்து செத்தபோது மகள் கல்பனாவுக்கு ஒரு வயது. "இன்னொருத்தனைக் கட்டிக்கோ" என்று வந்தவர்களையெல்லாம் அம்மாக்கண்ணு வாசலோடு திருப்பி அனுப்பினாள். அவளுக்கு அந்தப் பெண் ஒன்றே போதும்.

ஊருக்கு மேலே நின்னான் பாறை. அதன் அடியில் ஒரே ஒரு ஆள் படுக்கிற அளவுக்கு ஒரு பொந்து. அதற்குள் நேரம் ஓடாது. எந்தக் காலத்திலோ காற்றில் போன சருகு ஒன்று தரையில் விழாமல் சாண் உயரத்தில் அப்படியே நிற்கும். அதைச் சாமி என்று யாரும் கும்பிட்டதில்லை, பேய் என்று பயந்ததும் இல்லை. ரோடு இல்லாத காலத்தில் பாம்பு கடித்தவர்களையும் ரத்தம் நிற்காதவர்களையும் இடுப்பில் கயிறு கட்டி உள்ளே தள்ளிவிடுவார்கள். கீழேயிருந்து ஜீப் வந்ததும் இழுப்பார்கள். விஷம் தள்ளும்போது எங்கே இருந்ததோ, இழுக்கும்போதும் அங்கேயே இருக்கும்.

கயிற்றை யார் பிடிப்பது என்பதில் மட்டும் ஊர் கறார். தாலி கட்டினவன் கையில் தரக் கூடாது, கட்டிக்கொண்டவள் கையிலும் கூடாது. ஆள் உள்ளே கிடக்கும்போது மனசு மாறி வேறு துணை தேடிவிடலாம் அல்லவா? அதனால் கூடப்பிறந்தவர்தான் பிடிக்க வேண்டும். கூடப்பிறந்த மனசு மாறும் என்று யாருக்கும் தோன்றவில்லை. பெரிய புத்திசாலிகள்!

சாமைக்காட்டில் களை எடுக்கும்போது அம்மாக்கண்ணுவைக் கண்ணாடி விரியன் கடித்தது. அண்ணன் சின்னராஜ்தான் தூக்கிக்கொண்டு ஓடினான். நல்லவன் என்று ஊரே சொல்லும்.

"அண்ணா, பாப்பா அழுவா. வண்டி வந்ததும் இழுத்துடு."

"ஹாரன் கேட்டதும் இழுத்துர்றேன். நீ கண்ணை மூடிக்கோ."

மூடினாள். திறந்தாள். அவளுக்கு அவ்வளவுதான். எதிரே அண்ணன் பாதி வழுக்கையோடு, நரைத்த தாடியோடு நின்றான். அவன் பக்கத்தில் உயரமாக ஒரு பெண், அதே கயிற்றைப் பிடித்துக்கொண்டு. காலில் பல் பட்ட இடத்தில் ரத்தம் இன்னும் காயவில்லை.

"வண்டி வந்துடுச்சா? பாப்பா எங்க?"

அந்த உயரப் பெண் தலையைக் குனிந்துகொண்டாள். கீழே, கண்ணை மூடும்போது இல்லாத தார் ரோட்டில் ஆம்புலன்ஸ் நின்றது.

ஆஸ்பத்திரியில் பத்து நாள். அண்ணி மங்கம்மாள் அழுதுகொண்டே எல்லாவற்றையும் சொன்னாள். அன்றைக்கு ஜீப் வர மறுநாள் விடிந்துவிட்டது. பிள்ளை இல்லாத மங்கம்மாளின் மடியில் அந்த ராத்திரி முழுக்கக் கல்பனா தூங்கியிருந்தாள். விடிந்ததும் சின்னராஜுக்குப் பிள்ளையைப் பிரிக்க மனசு வரவில்லை. ஊர் பார்க்காமல் ஜீப்பில் தான் மட்டும் ஏறிப் போனான். 'ஆஸ்பத்திரியில் செத்துவிட்டாள், அங்கேயே எரித்துவிட்டேன்' என்று வந்து சொன்னான். அடுத்த வருஷமே ரோடு வந்தது. அதற்குப் பிறகு பாறைப் பக்கம் போக யாருக்கும் வேலை இல்லை.

அம்மாக்கண்ணு அண்ணனை வார்டே திரும்பிப் பார்க்கிற அளவுக்குத் திட்டினாள். மண்ணை வாரித் தூற்றாத குறை. ஆனால் ஒரு விஷயத்தில் மட்டும் அவள் வயிறு குளிர்ந்திருந்தது. ஊசி போட வருகிற நர்ஸிடம் எல்லாம் அதைத்தான் சொன்னாள். "என் பொண்ணுதான் என்னை இழுத்தா. பெத்த பாசம் சும்மாவா போவும்?"

ஊர் திரும்பியதும் பாறைக்குப் போனாள். இனி யாரும் உள்ளே போகக் கூடாது என்று அங்கே வேலி போட வனத்துறை ஆட்கள் கம்பம் நட்டுக்கொண்டிருந்தார்கள். அவள் இடுப்பிலிருந்து அவிழ்த்த கயிறு ஓரமாகக் கிடந்தது. பொந்துக்குள் இருந்த பகுதி புதுசு போல இருந்தது. வெளியே மழையிலும் வெயிலிலும் கிடந்த பகுதியில் பதின்மூன்று முடிச்சுகள். தேங்காய் நார், சணல், நைலான் என்று வருஷா வருஷம் மக்கியதை அறுத்துவிட்டுப் புதுசு கட்டியிருந்தார்கள். சாகட்டும் என்று விட்டவன் எதற்குக் கயிறு மாற்றுகிறான்? நேராக அண்ணன் வீட்டுக்குப் போனாள்.

"ஏண்ணா, வருஷா வருஷம் போய் மாத்துனியே. ஒரு தடவைகூட இழுக்கத் தோணலையா?"

"எல்லாம் என் தப்புதான். வுட்டுடு" என்றான் சின்னராஜ். தலை நிமிரவில்லை.

"அப்பா, போதும்" என்று கல்பனா உள்ளேயிருந்து வந்தாள். "ஆறாவது வருஷம் அப்பா இழுக்கத்தான் போனாரு. நான் பின்னாடியே போய்ட்டேன். உள்ள உங்களைப் பாத்து யாருன்னு கேட்டேன். சொன்னாரு. நான்தான் அவர் கையைப் புடிச்சிக்கினு இழுக்க வேணாம்னு அழுதேன். நீங்க எய்ந்து வந்தா இந்த வூட்டை வுட்டு என்னைக் கூட்டிம்போய்டுவீங்கன்னு பயம்."

"அப்ப உனக்கு இன்னா வயசு?"

"பத்து."

பத்து வயதுப் பிள்ளை பயப்படும். மடியில் வைத்து வளர்த்தவளை விட்டு வா என்றால் எந்தப் பிள்ளைக்கும் பயமாகத்தான் இருக்கும்.

"பத்து வயசுல பயந்துட்ட, சரி. பன்னெண்டுல? பதினாலுல? போன வருஷம்?"

"வருஷா வருஷம் கயிறு மாத்த நானும் கூடப் போவேன்" என்றாள் கல்பனா. "அடுத்த வருஷம் இழுத்துக்கலாம்னு நெனைப்பேன். வேலி போட்டுட்டா அப்புறம் இழுக்கவே முடியாதுன்னு ஆன பிறகுதான்..."

அண்ணனைத் திட்ட அம்மாக்கண்ணுவுக்கு வாய் இருந்தது. இதற்கு இல்லை. எந்தப் பிள்ளைக்காகப் பிழைத்து எழ வேண்டும் என்று கண்ணை மூடினாளோ, அந்தப் பிள்ளையே வருஷா வருஷம் வந்து அவள் முகத்தைப் பார்த்துவிட்டுத் திரும்பிப் போயிருக்கிறது.

"மன்னிச்சிடுங்க" என்றாள் கல்பனா.

"அதெல்லாம் வேணாம். ஒரு தடவை அம்மான்னு கூப்பிடு. போய்டுறேன்."

கல்பனா வாயைத் திறந்தாள். திறந்தவள், முதலில் அடுப்படி வாசலில் நின்ற மங்கம்மாளைத் திரும்பிப் பார்த்தாள்.

"வுடு, வேணாம்" என்று அம்மாக்கண்ணு எழுந்தாள். ஒடுகத்தூர் பஸ் மூன்று மணிக்கு. அதைப் பிடிக்க நடந்தாள்.