எதிர்ச்சுற்றுப் பள்ளி

சிறுவயதில் நானும் தங்கையும் ஒரு நோட்டுக்குள் மந்திரப் பள்ளி நடத்தினோம். காலத்தைத் திருப்புவது மட்டுமே அங்கே பாடம். திருவண்ணாமலையில் எல்லோரும் மலையை வலமாகத்தான் சுற்றுவார்கள். எதிர்த்திசையில் ஒரு சுற்று நடந்தால் நேற்றைக்குப் போய்விடலாம் என்பது எங்கள் பள்ளியின் விதி. அவள் கணக்குப் பரீட்சையைச் சொதப்பிய மறுநாள் கிளம்பினோம். எதிரே வந்தவர்களெல்லாம் திட்டினார்கள். பாதி வழியில், அடி அண்ணாமலையில், கால் வலிக்குதென்று அவள் அழுததால் ஆட்டோவில் வீடு திரும்பினோம். பள்ளியையே கெடுத்துவிட்டாளென்று ஒரு வாரம் அவளுடன் நான் பேசவில்லை.

போன மாதம் வெளிநாட்டிலிருந்து வந்திருந்தாள். கிளம்புகிற அன்று காலையில், "அக்கா, இந்த வாட்டி முழுசா நடக்கறேன், வரியா?" என்றாள்.

நாற்பது வயதுக்குமேல் இதென்ன கூத்து என்று திட்டிக்கொண்டே, நான்தான் முதலில் செருப்பைக் கழற்றினேன்.