இடக்கையால் கீறிய கடல்

கொட்டாஞ்சேனையில் ஒரு போட்டோ ஸ்டூடியோவில் கறுப்பு வெள்ளைப் படங்களுக்கு நிறம் தீட்டிக்கொண்டிருந்தேன். கலர் பிலிம் வந்ததும் அந்த வேலை போயிற்று. பிறகு கொள்ளுப்பிட்டி ஓவிய வியாபாரி ஒருவர், பழுதான படங்களைத் திருத்தச் சொல்லி எங்கள் வெள்ளவத்தை வீட்டுக்குக் கொண்டுவரத் தொடங்கினார். எட்டாம் வகுப்போடு படிப்பை விட்டவள் நான். பெறுமதியான பொருள் வீட்டில் இருந்தாலே இருப்புக் கொள்ளாது. மழை வந்தாலும் ஓடிப்போய்ப் படத்தைப் பார்ப்பேன். ரயில் போய்ச் சுவர் அதிர்ந்தாலும் பார்ப்பேன்.

ஒருமுறை வந்தது, இறந்துபோன ஓவியர் ஒருவரின் துறைமுகப் படம். கடலில் உள்ளங்கை அளவு வர்ணம் உதிர்ந்திருந்தது. அந்த இடத்தை நிரப்ப, அவர் கை போன வழி எனக்குத் தெரிய வேண்டும். ஆகவே முழுப் படத்தையும் பிரதி செய்து பார்த்தேன். அதே நிறங்கள்தான், ஆனால் என் அலைகள் செத்துக் கிடந்தன. படத்தைத் தலைகீழாக வைத்தபோதுதான் விளங்கியது. பிரஷ் கீற்றுகள் எல்லாம் இடப்பக்கம் மேலே தொடங்கி, வலப்பக்கம் சரிந்து இறங்கின. மனிதர் இடக்கைக்காரர்.

நானும் இடக்கையால் படம் கீறிப் பழகினேன். மாதக்கணக்கில் பழகிய பிறகு என் பிரதியிலும் கடல் ஈரமாயிற்று. சந்தோஷப்பட முடியவில்லை. அவருடைய கை எனக்குள் வந்துவிட்டது. என்னுடையது எங்கே போயிற்று என்று பயம் பிடித்தது.

என்னைக் கட்டின மனுசனுக்கு அது பகிடி. "இஞ்சரும், இனிச் சோத்தையும் இடக்கையாலதான் போடுவீரோ?"

"விளையாடாதேங்கோ. எனக்கு உண்மையாப் பயமாக் கிடக்கு."

"அப்ப உம்மட சொந்தப் படம் ஒண்டைக் கீறிப் பாருமன்."

ரயில் பாதையோரக் கற்களில் அவர் முதுகைக் காட்டிக்கொண்டு இருப்பதைக் கீறினேன். வலக்கையால்தான், வலு கவனமாக. பிரதி அல்லாத, என்னுடைய ஒரே படம். பெயர் எழுத வெட்கப்பட்டு அப்படியே ஹோலில் மாட்டினேன்.

திருத்திய படத்தை எடுக்க வந்த வியாபாரி அதன் முன்னால் நின்றுவிட்டார்.

"தங்கச்சி, இது எங்க கிடைச்சது? துறைமுகம் கீறின அந்தாள் இப்படியொரு படம் கீறினது ஒருத்தருக்கும் தெரியாதே!"

"ஐயா, அது நான் கீறினது. அதில இருக்கிறது எங்கட மனுசன்."

அவர் கிட்டப் போய் வர்ணத்தை முகர்ந்து பார்த்தார். கடற்காற்றில் அது இன்னும் முழுதாகக் காயவில்லை. திரும்பி வந்து வாசல் கதவைச் சாத்தினார்.

"அப்ப இன்னும் நல்லது. கீழ அந்தாளின்ர கையெழுத்து மட்டும்தான் குறை. போட்டு வையுங்கோ, நாளைக்கு வாறன்."

அவர் போனதும் பிரஷைக் கறுப்பில் தோய்த்தேன். என் பெயரை எழுதிவிட்டால் அந்தப் படத்தை ஒருவரும் இன்னொருவருடையது ஆக்க முடியாது. குனிந்தவள் அப்படியே நின்றேன்.

"என்ன யோசிக்கிறீர்? எழுதுமன்," என்றார் பின்னால் நின்ற மனுசன்.

பிரஷ் இடக்கையில் இருந்தது. வலக்கைக்கு மாற்றி மெதுவாக எழுதினேன். என் பெயர்தான். ஆனால் எழுத்துகள் ஒவ்வொன்றும், அந்த அலைகளைப் போலவே, வலப்பக்கம் சரிந்து இறங்கியிருந்தன.