மூன்றாவது உதைக்குத் திறக்கும் கதவு

தச்சர் தன் வாழ்நாளில் செய்த கதவுகளில் ஒன்றே ஒன்றுதான் சிக்கியது. ஊர் உலகம் பார்த்தது அதை மட்டும்தான்.

தொலைக்காட்சித் தொடர் ஒன்றுக்காகப் போட்ட அரங்கு அது. நாரை வகைக் கப்பல். விண்வெளியில் போகும், காலத்திலும் முன்னே பின்னே போகும். கதைப்படி அந்த வகையில் பன்னிரண்டு கப்பல்கள். அரங்கில் இருந்ததோ ஒன்று. எண்ணை மட்டும் மாற்றி மாற்றி ஒட்டுவார்கள். கதவின்மேல் தகரம் ஒட்டுவோம் என்று தச்சரிடம் முன்பே சொல்லியிருந்தார்கள். அதற்கு இரண்டு மில்லிமீட்டர் இடம்விட அவர் மறந்துபோனார். அன்று காலையில்தான் அவருக்கு மகள் பிறந்திருந்தாள். இந்தக் காரணத்தை அவர் யாரிடமும் சொன்னதில்லை. மனைவி எல்லாரிடமும் சொன்னாள்.

முதல் காட்சி. எதிரிகள் துரத்த, கப்பல் தலைவன் ஓடிவந்து கதவை இழுத்தான். அசையவில்லை. கடுப்பில் உதைத்தான். மூன்றாவது உதைக்குத் திறந்தது. தச்சர் இழைப்புளியோடு ஓடினார்.

"அஞ்சு நிமிஷம் குடுங்க சார், இழைச்சுடறேன்."

"கதவுல கை வெச்சீங்க, எனக்குக் கெட்ட கோபம் வரும்," என்றார் இயக்குநர். "இதான்யா சீன்!"

"அப்ப அந்தக் கதவு பக்கத்துல என் பேரு வேண்டாம் சார்."

டைட்டிலில் அவர் பெயர் ஓடவில்லை. கதவு ஓடியது, நான்கு வருடம். காலம் தாண்டும்போது கதவு மட்டும் போன நூற்றாண்டிலேயே மாட்டிக்கொள்ளும், மூன்று உதை விட்டால்தான் நிகழ்காலத்துக்கு வந்து சேரும் என்று கதாசிரியர் விளக்கம் எழுதினார். பிள்ளைகள் வகுப்பறைக் கதவை உதைத்தார்கள். குமாஸ்தாக்கள் பீரோவை உதைத்தார்கள். உள்ளே வர நடுங்கிய நோயாளிகள்கூட இப்போது உதைத்துக்கொண்டு வருகிறார்கள் என்று ஒரு பல் டாக்டர் புலம்பினார். உடைந்த கதவுகளெல்லாம் தச்சரிடமே வந்தன. கீழ்ப்பாகத்தில் தகடு அடித்துக் கொடுத்தார்.

"ஏங்க, ஊர்க்கதவையெல்லாம் உடைக்க வெச்சது நீங்க. சரி பண்றதும் நீங்க. நல்ல பொழப்பு," என்பாள் மனைவி.

"நீ பிரசவத்தை ஒரு நாள் தள்ளிப் போட்டிருந்தா இந்த வம்பே இல்ல."

"அடுத்த தடவை உங்களைக் கேட்டுட்டுப் பெத்துக்கறேன்."

மகள் வளர்ந்து, லிஃப்ட் கதவுகளைச் சோதிக்கும் பொறியாளர் ஆனாள். ஏன் என்று வீட்டில் யாரும் கேட்கவில்லை.

முப்பத்தோரு வருடம் கழித்து, கப்பலைக் காட்சியகத்தில் வைத்தார்கள். பழுது பார்க்கத் தச்சரை அழைத்தார்கள். அவருக்கு நுரையீரல் பாதிதான் வேலை செய்தது. பையைத் தூக்கிக்கொண்டு கிளம்பிவிட்டார். செய்தவர் பெயரைப் பலகையில் என்னவென்று போடுவது என்று காட்சியகத்து அதிகாரி அம்மா கேட்டார்.

"முதல்ல கதவு. அப்புறம் பேரு."

யாரும் பார்க்காத நேரமாகப் பார்த்து இரண்டு மில்லிமீட்டர் இழைத்தார். ஒற்றை விரலுக்குத் திறந்தது. அன்றிரவு நிம்மதியாகத் தூங்கினார்.

மறுநாள் திறப்பு. வரிசையில் முதல் ஆள், கப்பல் தலைவன் உடுப்பு போட்ட வங்கி மேலாளர். ஓங்கி உதைத்தார். கதவு காற்றாய்த் திறக்க, காலைத் தொடர்ந்து அவரும் உள்ளே போனார். உள்ளேயிருந்து குரல் மட்டும் வந்தது:

"இது நாரை வகையே இல்லை!"

வரிசை கொந்தளித்தது. அதிகாரி தச்சரைத் தனியே கூப்பிட்டார்.

"ஐயா, பழையபடி கெடுத்துக் குடுத்துடுங்க."

"வேணும்னு நான் ஒரு கதவைக்கூடக் கெடுத்ததில்லைம்மா."

கெடுக்கவும் வரவில்லை. பட்டை ஒட்டினால் பத்து உதைக்கும் திறக்கவில்லை. சீவினால் தும்மலுக்கே திறந்தது. மகளுக்குப் போன் போட்டார். அவள் லீவு போட்டு, ஸ்பிரிங் தராசோடு வந்தாள்.

"எவ்வளவு விசைக்குத் திறக்கணும்ப்பா?"

"விசையெல்லாம் எனக்குத் தெரியாது. மூணாவது உதை."

"மழைக்காலத்துல மரம் ஊதுமே?"

"அப்பவும் மூணாவது."

"சின்னக் குழந்தை உதைச்சா?"

தச்சர் யோசித்தார். "அதுக்கும் மூணாவதுதான்."

அவர் மரத்தில் ஒரு பற்சக்கரம் செதுக்கினார். அவள் ஸ்பிரிங் மாட்டினாள். உதைக்கு ஒரு பல் நகரும். மூன்றாவது பல்லில் கதவைப் பிடித்திருக்கும் கொக்கி விடும். நூறு தடவை சோதித்தார்கள். பத்தாவது தடவையிலேயே அவருக்கு மூச்சு வாங்கியது. கப்பல் தலைவனின் நாற்காலியில் உட்கார்ந்து, கதவுக்கு உள்ளேயிருந்து எண்ணினார். வெளியே நின்று மகள் உதைத்தாள். நூறும் சரி.

"இப்ப பேரை எழுதச் சொல்லு," என்றார். "இது தெரிஞ்சு செஞ்ச கதவு."

பலகை வந்தபோது தச்சர் இறந்துபோய்ப் பத்தொன்பது நாள் ஆகியிருந்தது. தாயும் மகளும் பார்க்கப் போனார்கள். மகள் அப்பாவின் பெயரைப் படித்தாள். திரும்பப் படித்தாள்.

"தள்ளி நில்லு," என்றாள் தாய். வாழ்நாளில் முதன்முறையாக அந்தக் கதவை உதைத்தாள். ஒன்று. இரண்டு. மூன்று. திறந்தது.

உள்ளே அந்த நாற்காலி காலியாக இருந்தது.

அவள் கதவை இழுத்துச் சாத்தினாள்.

"இன்னொரு தடவை," என்றாள்.