சொலேஷியம் கொண்டுபோன வீடுகள்

கிராம நிர்வாக அலுவலர் வேலையில், நல்ல காரியத்துக்கு யாரும் கூப்பிட மாட்டார்கள். கெட்ட காரியத்துக்குக் கூப்பிடாமலே போய் நிற்க வேண்டும். இடி விழுந்தாலும், சுவர் இடிந்தாலும், வாய்க்காலில் ஆள் போனாலும், அந்த வீட்டு ஒப்பாரி அடங்குவதற்குள் தாலுகா ஆபீஸிலிருந்து எனக்குப் போன் வந்துவிடும். "சொலேஷியம் புரபோசல் சாயங்காலத்துக்குள்ள வேணும்!" செத்தவர் குடும்பத்துக்கு அரசாங்கம் ஆறுதலாகக் கொடுக்கிற தொகைக்கு ஆபீஸில் அதுதான் பெயர். தேவாரத்தைச் சுற்றி மலையடிவாரத்து ஊர்களில் அந்த வார்த்தையைச் சுமந்துகொண்டு, சீட் கிழிந்த பைக்கில் அலைந்தே என் இடுப்பு போய்விட்டது. யாரோ போட்ட உத்தரவை யார் வீட்டு வாசலிலோ நின்று சொல்லுகிற உத்தியோகத்தில் நீங்களும் இருந்தால், மேற்கொண்டு விளக்கம் தேவைப்படாது. உட்காருங்கள், சேர்ந்து பெருமூச்சு விடுவோம்.

சொல்லாமல் போக வேண்டும்

மொக்கைச்சாமியின் மகன், மழை வருவதற்குள் ஆடுகளை ஓட்டி வரப் போன இடத்தில் இடி விழுந்து இறந்துபோனான். சின்ன வயசு. மனைவியும் கைக்குழந்தையும் இருந்தார்கள். மறுநாள் காலையில் நானும், புதிதாக மாற்றலாகி வந்திருந்த துணை வட்டாட்சியரும் போனோம். அவர் வடக்கு மாவட்டத்துக்காரர். எங்கள் பக்கத்து வழக்கம் தெரியாது.

எங்கள் பக்கம் துக்க வீட்டு வாசலில் பந்தல் போட்டு, ஆண்கள் வரிசையாக உட்கார்ந்திருப்பார்கள். துக்கம் கேட்க வருகிறவர் ஒன்றும் பேச வேண்டியதில்லை. இரண்டு கையையும் சேர்த்து, ஏந்துகிற மாதிரி நீட்டுவார். உட்கார்ந்திருப்பவர் அதைத் தன் கையால் தொடுவார். இப்படியே முதல் ஆளிலிருந்து கடைசி ஆள் வரை, ஒருவரையும் விடாமல் போக வேண்டும். கை கொடுப்பது என்று அதற்குப் பெயர். பெற்ற தகப்பன் இருந்தால் முதல் இடம் அவருக்குத்தான். மொக்கைச்சாமி அங்கேதான் உட்கார்ந்திருந்தார். நான் கை கொடுக்கவில்லை. ஒரு கையில் ஃபைல், இன்னொரு கையில் போன். தவிர, அரசாங்கத்தின் சார்பில் போனவன் உறவுக்காரன் மாதிரி நடந்துகொள்ளலாமா என்று எனக்கு எப்போதும் ஒரு சந்தேகம்.

விசாரணை முடிந்ததும் துணை வட்டாட்சியர், பாவம், நல்ல மனசோடுதான் கும்பிட்டு, "சரிங்க பெரியவரே, போயிட்டு வர்றேன்" என்றார். பந்தலே விக்கித்துப் போயிற்று. துக்க வீட்டில் 'வாங்க' என்று வரவேற்கவும் மாட்டோம், 'போய்வருகிறேன்' என்று விடைபெறவும் மாட்டோம். மறுபடி வருகிறேன் என்றால், மறுபடி ஒரு சாவுக்கு வருகிறேன் என்று ஆகிவிடும். எழுந்து பேசாமல் நடையைக் கட்ட வேண்டியதுதான். மொக்கைச்சாமி கோபப்படவில்லை. தலையைத் தூக்காமல், "சொல்லாமப் போங்கய்யா. இப்படி இன்னொரு வாட்டி இந்த வீட்டுக்கு யாரும் வர வேணாம்" என்றார்.

பூசையில் விட்ட வார்த்தை

எங்கள் ஆபீஸில் இழப்பீடு வேறு, கருணைத் தொகை வேறு, சொலேஷியம் வேறு. யாரோ செய்த தப்புக்கு இழப்பீடு. உரிமை கிடையாது, மனம் இரங்கித் தருகிறோம் என்றால் கருணைத் தொகை. யார் மேல் தப்பு என்று பேசாமல், வருத்தத்துக்கு மட்டும் கொடுப்பது சொலேஷியம். படித்துப் பார்க்க நன்றாகத்தான் இருக்கிறது. நடைமுறையில் மூன்றையும் ஒன்றாகக் குழப்பி ஒரே கவரில் போட்டு அனுப்புவோம். அது மூன்று தடவை திரும்பி வரும்.

ஒரு கிறிஸ்தவ ஊரில் வாய்க்காலில் குளிக்கப் போன ஒருவர் இறந்துவிட்டார். விசாரணைக்குப் போனபோது பங்குச் சாமியார் குடும்பத்தாரோடு உட்கார்ந்திருந்தார். நான் என்ன கொண்டு வந்திருக்கிறேன் என்று அந்த வீட்டுக்காரர்களுக்குப் புரியவில்லை. 'சொலேஷியம், சொலேஷியம்' என்று நானும் கிளிப்பிள்ளை மாதிரி சொல்லிக்கொண்டிருந்தேன். சாமியார்தான் அவர்களிடம், அது லத்தீன் வார்த்தை, ஆறுதல் என்று அர்த்தம் என்று எடுத்துச் சொன்னார். அப்புறம் என்னைப் பார்த்து, அந்த வருத்தத்திலும் லேசாகச் சிரித்தபடி, "நாங்களே பூசையில லத்தீன விட்டு எம்புட்டோ வருஷமாச்சு. தாலுகா ஆபீஸ்ல இன்னும் விடலையாக்கும்?" என்றார்.

வருத்தம் வராத திராட்சைக்காரர்

அதே வார்த்தைக்கு நில எடுப்பில் வேறு வேலை. ரோட்டுக்காக உங்கள் நிலத்தை, நீங்கள் கேட்டாலும் கேட்காவிட்டாலும், அரசாங்கம் எடுத்துக்கொள்கிறது. நிலத்துக்கு விலை தனி. விருப்பமில்லாமல் கொடுத்தீர்களே, அந்த மன வருத்தத்துக்காக மேலே ஒரு தொகை. அதுவும் சொலேஷியம்தான்.

கம்பம் பக்கம் நான் இருந்தபோது ஒரு திராட்சைக்காரரின் தோட்டம் புறவழிச்சாலைக்குப் போயிற்று. மனிதர் அளவு கடந்த சந்தோஷத்தில் இருந்தார். செவட்டை நோய், ஆள் கூலி, விலை இல்லாத சீசன் என்று அந்தக் கொடிப் பந்தலோடு மல்லுக்கட்டி அலுத்துப் போயிருந்தார். நான் சொலேஷியத்தை விளக்கியதும் அவர் முகம் மாறிவிட்டது. "எனக்குத்தான் வருத்தமே இல்லையே, சார். நான் அத வாங்கலாமா?" என்று நிஜமாகவே கவலைப்பட்டார். இந்தக் கேள்வியை என்னிடம் கேட்ட ஒரே ஆள் அவர். விசாரணை நாளில் அதிகாரி முன்னால் முகத்தைத் தொங்கப் போட்டுக்கொண்டு நிற்கப் பார்த்தார், முடியாமல் சிரித்துவிட்டார். பணம் சட்டப்படி வந்து சேர்ந்தது.

மாதங்கள் கழித்து ஜேசிபி வந்து கல்தூண்களைப் பிடுங்கிப் போட்டது. பன்னீர்த் திராட்சைக் கொடி கம்பியோடு சுருண்டு மண்ணில் கிடந்தது. அடுத்த நாள் மனிதர் என் ஆபீஸுக்கு வந்தார். நாற்காலியில் உட்கார்ந்தார். பிறகு, "சார், வருத்தம் இப்பத்தான் வந்துச்சு. துட்ட முன்னாடியே வாங்கிட்டேனே, பரவாயில்லையா?" என்றார்.

மலைக்கு அந்தப் பக்கம்

ஏலக்காய்த் தோட்டத்துக்கு விடியலில் ஜீப்பில் ஏறி மலை தாண்டிப் போகிற பெண்களை நீங்கள் பார்த்திருப்பீர்கள். அப்படிப் போன ஜீப் ஒன்று கேரளப் பக்கத்து வளைவில் கவிழ்ந்தது. இறந்தவர்களில் ஒருத்தியின் தங்கை சொலேஷியம் கேட்டு என்னிடம் வந்தாள். எங்கள் ஆபீஸில் கேட்டால், விபத்து நடந்தது கேரளாவில், அங்கே கேளுங்கள் என்றார்கள். அங்கே போனாள். இறந்தவர் தமிழ்நாடு, அங்கே கேளுங்கள் என்றார்கள். நானும் எழுதிப் பார்த்தேன், போனில் கெஞ்சிப் பார்த்தேன். எனக்கு அலுப்பு வந்தது. அவளுக்கு அந்த வசதியும் இல்லை, அக்காவின் பிள்ளைகள் அவள் வீட்டில்தான் இருந்தார்கள்.

கடைசியில் இரண்டு பக்கமும் ஆளுக்குக் கொஞ்சம் மனசு வைத்தார்கள். அதற்குள் அவள் மலையை ஏறி இறங்கிய நேரத்தில் இன்னொரு தோட்டத்தையே நட்டிருக்கலாம். தோட்டத்து வேலையில் மலையாளம் நன்றாகப் பழகியிருந்தாள். ஒருநாள் என் மேஜைக்கு முன்னால் நின்று, கோபம்கூட இல்லாத குரலில் சொன்னாள். "அங்கன ஆஸ்வாசம்ங்கிறாக, இங்கன ஆறுதல்ங்கிறாக. ரெண்டு பேரும் கடைசியில ஒண்ணுதான் சொல்றாக, அடுத்த பஸ்ஸுல ஏறும்மான்னு."

எங்கனய்யா என் பேரு?

மொக்கைச்சாமியின் வீட்டுக்கு அப்புறம் எத்தனை தடவை போனேன் என்று எண்ணவில்லை. ஆதார் நகல் தெளிவாக இல்லை, பாஸ்புத்தகத்தில் இனிஷியல் மாறியிருக்கிறது, மேலிடத்தில் கேள்வி கேட்டிருக்கிறார்கள். வருகிறேன் என்று சொல்லக்கூடாத வீடு. ஆனால் வந்துகொண்டே இருந்தேன். ஒவ்வொரு தடவையும் அவர் பேசாமல் ஒரு ஸ்டூலை எடுத்துப் போடுவார்.

வாரிசு விவரத்தை நான் வாசித்துக் காட்டிய நாளில்தான் கேட்டார். மருமகள் பெயர், பேத்தி பெயர், அவருடைய மனைவி பெயர் எல்லாம் வந்துவிட்டது. "எங்கனய்யா என் பேரு?" என்றார். மகன் கல்யாணமானவன், சட்டப்படி மனைவி, பிள்ளை, தாய் மூவரும் முதல் வரிசை. தகப்பன் அடுத்த வரிசை. முதல் வரிசையில் ஆள் இருந்தால் அடுத்த வரிசைக்கு ஒன்றும் வராது. "துட்டு அதுகளுக்கே போகட்டும்யா, எனக்கு வேணாம். எம்பேர மட்டும் கடைசியில எழுதிவிடுங்க" என்றார். இதில் என்ன கஷ்டம் என்று நானும் துணை வட்டாட்சியரிடம் கேட்டேன். பெயர் அதிகமாக இருந்தால் ஃபைல் திரும்பும், அந்தப் பெண்ணுக்குத்தான் தாமதமாகும் என்றார். அவர் சொன்னது சரிதான். எனக்குத்தான் அதைக் கொண்டுபோய்ச் சொல்ல மனசே வரவில்லை.

சொன்னேன். மொக்கைச்சாமி பேத்தியை மடியில் வைத்துக்கொண்டு கேட்டார். மருமகளுக்குத் தாமதமாகும் என்றதும், "அப்ப எழுத வேணாம்" என்று உடனே சொல்லிவிட்டார். நான் ஃபைலைக் கட்டினேன். எழுந்தபோதுதான், "அப்ப எம்மகன் செத்ததுல எனக்கு ஒண்ணும் வருத்தமில்லன்னு கவர்மெண்டு முடிவு பண்ணிட்டாக, அப்படித்தானய்யா?" என்றார்.

வாகை மரத்தடி

காசோலை கொடுக்கிற விழா தாலுகா ஆபீஸ் மண்டபத்தில் நடந்தது. பல ஊர்களிலிருந்தும் குடும்பங்கள் வந்திருந்தன. பட்டியலில் பெயர் உள்ளவர்களுக்கு மட்டும் உள்ளே நாற்காலி. கூட வந்தவர்கள் வெளியே, வாகை மரத்தடியில். மொக்கைச்சாமி வெள்ளை வேட்டி கட்டி, மருமகளையும் பேத்தியையும் மனைவியையும் பஸ்ஸில் பத்திரமாகக் கூட்டி வந்து உள்ளே அனுப்பிவிட்டு, சிமெண்டு பெஞ்சில் உட்கார்ந்திருந்தார். பக்கத்தில் வேறு ஊர்க்காரர்கள், செத்தவர்களின் தகப்பன்கள், அண்ணன்கள், மாமன்கள்.

வந்திருந்த பெரிய மனிதர் மைக்கைப் பிடித்ததும் பேத்தி வீரிட்டு அழ ஆரம்பித்தது. துணை வட்டாட்சியர் என்னைப் பார்த்துக் கண்ணைக் காட்டினார். ஃபைலை மேஜையில் வைத்துவிட்டுக் குழந்தையைத் தூக்கிக்கொண்டு வெளியே வந்தேன். அரசாங்கம் ஒப்புக்கொண்ட வாரிசு ஒன்று, என் சட்டையை நனைத்துக்கொண்டு, அரசாங்கம் ஒப்புக்கொள்ளாத மனிதரிடம் தாவியது. அவர் தோளில் போட்டதும் அழுகை நின்றுவிட்டது.

என் கை இரண்டும் காலியாக இருந்தன. ஃபைல் இல்லை, போன் சட்டைப்பையில். அந்த மனிதர் முன்னால் வெறுங்கையோடு நிற்பது அதுதான் முதல் தடவை. என்னையறியாமல் இரண்டு கையையும் சேர்த்து நீட்டிவிட்டேன். அவர் என் முகத்தைப் பார்த்தார். குழந்தையை ஒரு கையில் அணைத்துக்கொண்டு, மற்றக் கையால் தொட்டார். ஒருவருக்குக் கொடுத்துவிட்டு அடுத்தவரை விடக்கூடாது. பக்கத்தில் இருந்தவருக்கு நீட்டினேன். அவரும் நிமிர்ந்து உட்கார்ந்து தொட்டார். அப்படியே வரிசையாகக் கடைசி ஆள் வரை குனிந்து குனிந்து போனேன். முகம் தெரியாத ஊர்க்காரர்கள். ஒருவர்கூட எதற்கு என்று கேட்கவில்லை.

அந்த நேரம் பார்த்துத்தான் துணை வட்டாட்சியர் வராந்தாவுக்கு வந்தார். பணம் வாங்க வந்த குடும்பங்களின் முன்னால், ஒரு கிராம நிர்வாக அலுவலர் ஆள் ஆளாகக் கையேந்திக்கொண்டு போவதைப் பார்த்தால், எந்த அதிகாரிக்கும் அப்படித்தான் தோன்றும். "யோவ், என்னய்யா இது, வாசல்லயே வசூலா?" என்று கத்தினார். என்னவென்று விளக்குவது? மொக்கைச்சாமிதான் பேத்தியோடு எழுந்து நின்றார். "ஐயா, அவுக ஒண்ணும் வாங்கல. இத்தன வாட்டி வீட்டுக்கு வந்தாக, இன்னைக்குத்தான் துக்கம் கேட்டாக" என்றார்.

யாரிடமும் சொல்லிக்கொள்ளாமல் வண்டியை எடுத்தேன். என் சர்வீஸிலேயே உரிய ஆளுக்கு நேராகப் போய்ச் சேர்ந்த சொலேஷியம் அது ஒன்றுதான், அதற்குப் பயணப்படி கேட்க எங்கள் விதிகளில் இடம் இல்லை.